சுக்கான் யார் கையில்?

என் வீட்டுக்காரர் முப்பது வருடம் கடற்படையில் அதிகாரியாக இருந்தார். அந்த முப்பது வருடத்தில் ஒருநாள்கூட அவர் கப்பல் ஓட்டியதில்லை. முதல் வாக்கியத்தைச் சொல்ல எங்கள் குடும்பத்தில் எல்லோரும் போட்டி போடுவார்கள். இரண்டாவதைச் சொல்லத்தான் முப்பது வருடம் பிடித்தது.

இதில் மறைக்க என்ன இருக்கிறது என்று நீங்கள் கேட்கலாம். கல்யாணமான மூன்றாவது மாதத்தில் நானும் அதைத்தான் கேட்டேன். ஜெர்வின் இன்ஜினியர் பிரிவு அதிகாரி. லோனாவாலா கடற்படைக் கல்லூரியில் படித்து, விசாகப்பட்டினம், மும்பை, கொச்சி என்று மாற்றலாகி மாற்றலாகி, கமாண்டராக ஓய்வு பெற்றவர். கடற்படையில் இன்ஜினியர் எவ்வளவு உயர்ந்தாலும் கப்பலுக்குத் தலைவனாக முடியாது. தலைவன் மேலே பிரிட்ஜில், கப்பலை ஓட்டுகிற அறையில் நிற்பான். இவர் கப்பலின் அடியில், ஐம்பது டிகிரி சூட்டில், பக்கத்தில் இருப்பவன் கத்தினாலும் கேட்காத இரைச்சலில், பம்பு, வால்வு, டீசல் என்று கிடப்பார். மேலே இருப்பவன் இத்தனை வேகம் வேண்டும் என்பான். கீழே இருப்பவர் கொடுப்பார். எந்தக் கடலில் போகிறோம், வெளியே வெயிலா மழையா என்பதுகூடப் பல நேரம் அவருக்குத் தெரியாது. "கடலைப் பாக்கணும்னா லீவுல ஊருக்கு வந்தாத்தான் உண்டு" என்பார்.

எனக்கு இதில் பெருமைதான். கப்பல் நகர்வதே இவர்களால்தானே. ஆனால் என் மாமனார் பர்னபாஸ் தண்டலாக இருந்தவர். தண்டல் என்றால் எங்கள் கடற்கரையில் சரக்குத் தோணியின் தலைவன். தூத்துக்குடியிலிருந்து கொழும்புக்கும் மாலத்தீவுக்கும் வெங்காயமும் கூரை ஓடும் ஏற்றிப் பாய் விரித்துப் போன நாளில் சுக்கானைப் பிடித்த கை அவருடையது. அவரைப் பொறுத்தவரை கடலில் போகிறவர்கள் இரண்டே வகை. சுக்கான் பிடிக்கிறவன், மற்றவன்.

ஜெர்வின் முதல் கப்பலில் ஏறி, ஆறு மாதம் கழித்து லீவில் வந்தாராம். தாமிரபரணி கடலில் கலக்கிற இடத்தில் இருக்கிறது எங்கள் ஊர். வீடு நிறையச் சொந்தக்காரர்கள். காப்பித் தம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு மாமனார் கேட்டிருக்கிறார்.

"கப்பல்ல சுக்கான் யார் கையிலலே?"

இருபத்து நான்கு வயது. மூன்று நாள் ரயில் அலுப்பு. அத்தனை பேர் வாயைத் திறந்துகொண்டு பார்க்கிறார்கள். "என் கையிலதாம்பா" என்று சொல்லிவிட்டார்.

அன்று சொன்ன பொய் அவரோடு சேர்ந்து வளர்ந்தது, எனக்குத் தாலி கட்டியபோது கூடவே என் வீட்டுக்கும் குடிவந்தது. ஏனென்றால் மாமனார் லேசில் விடுகிற ஆள் இல்லை. ஒவ்வொரு லீவுக்கும் விசாரணை நடக்கும். விசாகப்பட்டினம் துறைக்குள் எப்படி நுழைந்தாய், காற்று மேற்கத்திக் கச்சானா வடக்கத்தி வாடையா, தண்ணீர் ஆறடிக் கணக்கில் எத்தனை பாக ஆழம், திரும்பும்போது நீரோட்டம் எந்தப் பக்கம் இழுத்தது. இதற்கெல்லாம் பதில் வேண்டுமே. அதற்காக ஜெர்வின் ஒரு வழக்கம் வைத்திருந்தார். லீவுக்குக் கிளம்பும் நாளில் அடித்தளத்திலிருந்து ஏணி ஏணியாக ஏறி பிரிட்ஜுக்குப் போவார். அங்கே வழி பார்க்கும் அதிகாரியிடம், "அப்பாவுக்கு ஒரு கதை வேண்டும்" என்று கேட்பார். அவர்களும் கொடுப்பார்கள். ஹரியானாக்காரர் ஒருவர், பதினெட்டு வயதுவரை கடலையே பார்க்காதவர், அவர் கொடுத்த புயல் கதைக்குத்தான் எங்கள் ஊரில் இன்றுவரை மவுசு.

கதையைத் தாளில் எழுதி வந்து ரயிலில் மனப்பாடம் செய்வார். நான் கேள்வி கேட்க வேண்டும். "காற்று?" "கச்சான்." "எத்தனை பாகம்?" "பதினொன்று." இரண்டு பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுத்த அதே வாயால் இதையும் செய்தேன். எரிச்சல் வரும், "அவர்கிட்ட உண்மையைச் சொன்னா என்ன, முழுங்கியா விடுவாரு?" என்று கத்துவேன். "அடுத்த லீவுக்குச் சொல்லிரலாம் வினோலியா" என்பார். அவருடைய அடுத்த லீவு வரவே இல்லை.

இங்கே இரண்டு விஷயங்களைச் சொல்லிவிட வேண்டும். பின்னால் தேவைப்படும்.

ஒன்று, ஜெர்வின் குளியலறைக் கதவைத் தாழ்ப்பாள் போடமாட்டார். விருந்தாளி வந்தாலும் சரி, திறந்தபடிதான் கிடக்கும். நான் திட்டாத திட்டில்லை. விசாகப்பட்டினம் குடியிருப்பில், ஒருநாள் குசினியில் நான் முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தபோது, தானாகவே காரணத்தைச் சொன்னார். அதற்கு இரண்டு வருடத்துக்கு முன்னால் நடுக்கடலில் இன்ஜின் அறைக்குள் புகை பரவியிருக்கிறது. எல்லோரும் மேலே வரவேண்டும் என்று உத்தரவு. இவர் எண்ணெய் வால்வை மூடப் பின்பக்கம் போயிருக்கிறார். மேலே தலை எண்ணினார்கள். வேறு அறையிலிருந்து வந்த ஒருவன் வரிசையில் நின்றுவிட்டதால் எண்ணிக்கை சரியாக இருந்தது. புகை பரவாமலிருக்க, இன்ஜின் அறைக்கு இறங்கும் வழியின் மூடியைப் பூட்டிவிட்டார்கள். பதினொரு நிமிடம். ஸ்பானரால் இரும்பைத் தட்டிக்கொண்டே இருந்திருக்கிறார். அது எவனோ ஒருவன் காதில் விழ, அவன் திறந்தான். "யார் மேலயும் தப்பில்ல, புகையில அப்படித்தான் ஆகும்" என்றார். நான் எழுந்த வேகத்தில் கீரை தரையெல்லாம் சிதறியது. இதை வேறு யாரிடமும் சொல்லக்கூடாது என்று சத்தியம் வாங்கிக்கொண்டார். அதற்குப் பிறகு நான் தாழ்ப்பாள் பேச்சை எடுத்ததில்லை.

இரண்டாவது, கல்லறைத் திருநாளில் என் மாமனார் முதல் மெழுகுவர்த்தியை என் மாமியார் இஞ்ஞாசியம்மாள் கல்லறையில் ஏற்றமாட்டார். சந்தியாகு என்று ஒருவருடைய கல்லறைக்குத்தான் முதலில் போவார். பழைய தோணியில் கூட வேலை பார்த்தவர், முகத்துவாரத்தில் தோணி உடைந்தபோது செத்துப்போனவர் என்று மட்டும் எங்களுக்குத் தெரியும். மாமியார் உயிரோடு இருந்தபோதே இது அவளுக்குப் பொறுக்காது. "நான் செத்தாலும் எனக்கு ரெண்டாவது திரிதான்" என்பாள். அப்படியேதான் ஆயிற்று.

ஓய்வு பெற்றதும் பாளையங்கோட்டையில் வீடு பார்த்துக் குடிவந்தோம். மாமனாருக்கு எண்பத்து நான்கு. எங்களோடு வந்து இருக்கச் சொன்னால், வருடத்துக்கு ஒருமுறை ஆஸ்பத்திரிப் பரிசோதனைக்குப் பத்து நாள் வருவார். பதினோராம் நாள் "எனக்கு இங்கன மூச்சு முட்டுது" என்று பையைத் தூக்கிவிடுவார். அதனால் ஞாயிறுதோறும் நாங்கள்தான் காரில் போவோம். ஆற்றோடு சேர்ந்தே போகும் சாலை. ஸ்ரீவைகுண்டம், ஏரல், ஆத்தூர் என்று இரண்டு பக்கமும் வாழை.

ஆகஸ்டு மாதம் ஒரு ஞாயிறு. பங்குச்சாமியும் கெவினும் வீட்டுக்கு வந்தார்கள். கெவின் ஜெர்வினுக்குப் பெரியப்பா பேரன், சொந்தமாக விசைப்படகு வைத்திருப்பவன். மாதா திருநாளில் எங்கள் ஊரில் மாதாவின் சப்பரத்தைப் படகில் ஏற்றி, முகத்துவாரம் தாண்டிக் கடலில் ஒரு சுற்றுச் சுற்றிக் கொண்டுவருவார்கள். முன்னால் போகும் படகில் மாதா. பின்னால் ஊர்ப் படகுகள் அத்தனையும்.

"இந்த வருசம் முதல் படக நம்ம சித்தப்பாதான் ஓட்டணும். போர்க்கப்பல் ஓட்டுன கை. கமிட்டியில எல்லாருக்கும் சம்மதம்" என்றான் கெவின்.

மாமனார் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார். அவர் முகத்தில் அப்படி ஒரு சிரிப்பை நான் பார்த்ததில்லை. பல் இல்லாத வாய் முழுக்கத் திறந்திருந்தது.

நான் ஜெர்வினைப் பார்த்தேன். சொல்லிவிடுங்கள் என்று கண்ணாலேயே கெஞ்சினேன்.

"சரி" என்றார் என் வீட்டுக்காரர்.

ஆத்தூர் வரும்வரை நான் வாயைத் திறக்கவில்லை. பிறகு திறந்தேன்.

"என்ன சரி? எதுக்குச் சரி? ஸ்கூட்டர் தவிர எதையாவது ஓட்டியிருக்கீங்களா? இந்தக் காரையே நான்தான் ஓட்டுதேன்!"

"இன்னும் மூணு வாரம் இருக்குல்லா. பைய படிச்சுக்கிடலாம்."

"படகுல மாதா இருப்பா. பங்குச்சாமி இருப்பாரு. பேண்டு செட்டு இருக்கும், நாப்பது சனம் இருக்கும். அந்த மணல்திட்டுல ஏத்தி நிப்பாட்டினீங்கன்னா?"

எங்கள் முகத்துவாரம் லேசுப்பட்டதில்லை. தாமிரபரணியில் வந்த அந்த டிசம்பர் வெள்ளத்துக்குப் பிறகு ஆறு கொண்டுவந்து கொட்டிய மணல், எங்கே கிடக்கிறது என்று யாராலும் உறுதியாகச் சொல்ல முடியாதபடி இடம் மாறிக்கொண்டிருந்தது. அங்கேயே பிறந்த பையன்கள்கூட நிதானித்துத்தான் போவார்கள். ஜெர்வினோ பத்து வயதில் பாளையங்கோட்டை விடுதியில் சேர்க்கப்பட்டவர். சின்னப் படகில் ஏறினாலே அவருக்கு வாந்தி வரும்.

அடுத்த பத்து நாளும் என் வீட்டில் ஒரு கூத்து நடந்தது. சாப்பாட்டு மேசையில் செல்போனைச் சாய்த்து வைத்து, படகு ஓட்டும் வீடியோ ஒன்றைப் போட்டுக்கொண்டு, இட்லிச்சட்டி மூடியை இரண்டு கையாலும் பிடித்து இடதும் வலதுமாகத் திருப்பிக்கொண்டிருப்பார். எத்தனையோ குதிரைத்திறன் இன்ஜின்களைப் பிரித்துப் பூட்டிய கமாண்டர். எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. கெவினிடம் போய்ப் பழகலாம் என்றால் குட்டு வெளிப்பட்டுவிடும். மூடியைப் பிடுங்கி அடுப்பில் வைத்தேன்.

"வார ஞாயித்துக்கிழம நீங்க மாமாகிட்டச் சொல்லுதீங்க. இல்லன்னா நான் சொல்லுவேன். பொய்க்குப் பொய் அடுக்கி நாப்பது சனத்த ஆத்துல எறக்க நான் விடமாட்டேன்."

"அப்பாவுக்கு வயசாயிட்டு. ஊர் முன்னால அவருக்குத் தலைகுனிவு வந்துட்டுன்னா அந்த மனுசன் தாங்குவாரா?" என்று கேட்டார்.

அதுதான் விஷயம். தனக்கு என்ன பெயர் வரும் என்று அவர் ஒருநாளும் கவலைப்பட்டதில்லை. அந்தக் கிழவருடைய சிரிப்பு போய்விடும் என்பதுதான் பயம். எனக்கும் அது தெரியும். தெரிந்துதான் பிடிவாதம் பிடித்தேன்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். மாமனார் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். சீலா மீன் குழம்பு நான் வைத்தது. ஜெர்வின் எதிரில் உட்கார்ந்தார். கப்பல் கதை சொல்லும்போது இருக்கும் துடிப்பு எதுவும் இல்லை. மெதுவான குரலில் சொன்னார்.

"அப்பா, நான் கப்பல் ஓட்டுனதில்லப்பா. ஒருநாளும் சுக்கானத் தொட்டதில்ல. நான் இன்ஜின்காரன். முப்பது வருசமும் கீழதான் இருந்தேன். சொன்ன கதையெல்லாம் மத்தவங்ககிட்டக் கேட்டு வந்தது."

மாமனார் கை தட்டில் நின்றுவிட்டது. கத்துவார், எச்சில் கையோடு எழுந்து அறைவார், 'என் மூஞ்சில கரியப் பூசிட்டியே' என்பார் என்று என்னவெல்லாமோ நினைத்தேன். அவர் கேட்டது வேறு.

"கீழயா?"

"ஆமாப்பா."

"முப்பது வருசமும் கீழயா இருந்தே?"

"ஆமா."

தட்டிலேயே கையைக் கழுவினார். பாதிச் சோறு அப்படியே கிடந்தது. பிறகு பேச ஆரம்பித்தபோது எங்கள் இருவரையும் பார்க்கவில்லை, தட்டைப் பார்த்துத்தான் பேசினார்.

"சந்தியாகு தெரியும்லா ஒங்களுக்கு. தோணின்னா தண்ணி கசியத்தாஞ்செய்யும். ஒருத்தன் கீழயே இருந்து பம்பு அடிச்சிட்டே இருக்கணும். அவந்தான் பம்பு அடிக்கவன். இந்தா, இந்த முகத்துவாரத்துலதான் தோணி தர தட்டுச்சு. எனக்குக் கண்ணெல்லாம் சுக்கான்மேலதான். பாய அவுத்தோம், கயித்த வெட்டுனோம், எல்லாரும் குதிச்சுக் கரையேறிட்டோம். கரையில நின்னு தல எண்ணும்போதுதான் ஒரு ஆளு கொறையுது. அவன் அடிச்சிட்டே இருந்திருக்கான். மேல ஒரு சத்தம் குடுத்திருந்தா வந்திருப்பான். யாரும் குடுக்கல. நான் குடுக்கல. நாந்தான தண்டல்?"

லேஞ்சியை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"மேல இருக்கவனுக்குக் கீழ ஆள் இருக்கது மறந்துரும்லே. கெட்டவன்னு இல்ல, மறந்துரும். அதுக்குத்தான் நீ கப்பலுக்குப் போன அன்னையில இருந்து கேட்டேன், சுக்கான் யார் கையிலன்னு. என் கையிலன்னு சொன்னே பாரு, அன்னைக்கு ராத்திரிதான் நிம்மதியா ஒறங்குனேன்."

இத்தனை வருடமாகப் பெருமைக்காரர் என்று நாங்கள் நினைத்து, ரயிலில் உட்கார்ந்து விடை படித்து வந்து ஒப்பித்த மனிதர் இவர். எனக்கு என்மேலேயே கோபம் வந்தது. காற்று எந்தப் பக்கம், தண்ணீர் எத்தனை பாகம் என்று அவர் கேட்டதெல்லாம், பையன் உண்மையிலேயே மேலேதான் இருக்கிறானா என்று சரிபார்த்துக்கொள்ளத்தான்.

மாமனார் இப்போது ஜெர்வினை நேராகப் பார்த்தார்.

"ஒண்ணு கேக்கேன், நெசத்தச் சொல்லு. அங்க ஒன்னையக் கூப்பிட ஆரும் மறக்கலியே?"

ஜெர்வின் என்னைப் பார்த்தார். ஒரு நொடிதான்.

"மறக்கலப்பா. கால் மணிக்கொரு தடவ மேல இருந்து போன் வரும். நல்லா இருக்கியான்னு கேப்பாங்க."

பொய்யே கூடாது என்று பத்து நாள் ஆடிய நான் என்ன செய்தேன் தெரியுமா? "மாமா, இன்னுங் கொஞ்சம் சோறு வைக்கட்டுமா?" என்று கேட்டேன்.

மறுவாரம் முழுக்க மாமனாரிடமிருந்து பேச்சில்லை. போன் செய்தால் "ம்" என்பார், வைத்துவிடுவார். மனிதர் உடைந்துபோய்விட்டார், நான்தான் உடைத்தேன் என்று நான் தவித்தேன். ஜெர்வின் என்னைக் குறை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் தேவலை.

அடுத்த ஞாயிறு பூசை முடிந்து எல்லோரும் கோயில் முற்றத்தில் நின்றபோது, மாமனார் கைத்தடியைத் தட்டிக் கூட்டத்தை நிறுத்தினார்.

"இந்தாருங்க. படக நான் ஓட்டுதேன். பக்கத்துல கெவின் நிக்கட்டும். எம்மவன் இன்ஜின் பாப்பான். அவன் இன்ஜின்காரன்."

பின்னாலிருந்து ஒருவன் கேட்டான். "அப்ப இம்புட்டு நாளும் கப்பல் ஓட்டுதான் ஓட்டுதான்னு சொன்னீரே, பாட்டையா?"

"நாந்தான் அளந்தேன். அவன் ஒருநாளும் சொன்னதில்ல. கேக்கணும்னா என்னையக் கேளும் வே."

சிரிப்பு எழுந்தது. சிலர் ஏளனமாகவும் சிரித்தார்கள், பொய் சொல்லக்கூடாது. எங்கள் ஊர்க்காரர்கள் அத்தனை பேரும் வானத்திலிருந்து இறங்கிய சம்மனசு இல்லை. மாமனார் அதில் எதையும் காதில் போட்டுக்கொள்ளாமல் நடந்தார். நான் பின்னாலேயே ஓடி, "மாமா, நீங்க ஏன் ஒங்கமேல போட்டுக்கிட்டீங்க?" என்றேன். "எனக்கு எண்பத்து நாலு. இனிமே என் பேரு கெட்டா என்ன, கெடாட்டா என்ன?" என்றார்.

திருநாள் அன்று வானம் வெறிச்சென்று இருந்தது. கச்சான் காற்று விட்டு விட்டு அடித்தது. படகில் ஓட்டுகிற அறையின் தரையில் ஒரு சதுர மூடி உண்டு. அதைத் திறந்தால் கீழே இன்ஜின். ஜெர்வின் காலையிலேயே பழைய காக்கி உடுப்பை மாட்டிக்கொண்டு இறங்கிவிட்டார். மூன்று மணி நேரம் அதைத் துடைத்து, முறுக்கி, எண்ணெய் விட்டார். வாந்தி வரவில்லை. இன்ஜின் பக்கத்தில் இருந்தால் அவருக்கு வராது.

புறப்படும் முன்னால் மாமனார் கெவினிடம் சொன்னார். "அந்த மூடியக் கழத்து."

"தெறந்துதான பாட்டையா கெடக்கு."

"கழத்திக் கொண்டுபோயி கரையில வையி."

கெவின் என்னைப் பார்த்துக் கண் சிமிட்டினான். கிழவரின் பிடிவாதம் என்று நானும் சிரித்துக்கொண்டேன். மூடி கரையில் வலைக் குவியல்மேல் கிடந்தது.

படகு கிளம்பியது. படகின் முன்பக்கம், அணியத்தில் மாதா, பூமாலையும் சின்னச் சின்ன பல்புகளுமாக. பேண்டு செட்டு முழங்கியது. நான் ஓட்டுகிற அறை வாசலில் செபமாலையோடு நின்றேன். மாமனாரின் கைகள் சக்கரத்தைப் பிடித்ததும் வயதின் நடுக்கம் நின்றுவிட்டது, அதை நான் கண்ணால் பார்த்தேன். தண்ணீரின் நிறத்தைப் பார்த்தபடி, "எடது, எடது, போதும்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு திருப்பினார். கொஞ்சத்துக்கு ஒருமுறை குனிந்து அந்த ஓட்டைக்குள் கத்துவார்.

"ஜெர்வின்!"

"இருக்கேம்பா!"

வேறொன்றும் இல்லை. வேகத்தைக் கூட்டு, குறை என்றுகூட இல்லை. பெயர், பதில், அவ்வளவுதான். பேண்டு செட்டுக்காரர்கள் சிரிக்க ஆரம்பித்தார்கள். முகத்துவாரத்தில் அடிமரம் மணலில் உரசி, படகு ஒரு கணம் திக்கித் தடுமாறியது. பெண்கள் 'மாதாவே' என்று அலறினார்கள். அப்போதும் மாமனார் முதலில் குனிந்து கத்தினார்: "ஜெர்வின்!" "இருக்கேம்பா!" என்று பதில் வந்த பிறகுதான் "கொஞ்சம் கூடக் குடு" என்றார். இன்ஜின் குரலை உயர்த்தியது. படகு மணலை விட்டு வழுக்கிக்கொண்டு கடலுக்குள் போனது.

கடலில் சுற்றி, ஊர்ப் படகுகளெல்லாம் பின்னால் வர, அதே வழியில் திரும்பினோம். கரையில் கூட்டம் கும்மென்று நின்றது. வெடி போட்டார்கள். சப்பரத்தை இறக்கி ஆண்கள் தோளில் வைத்தார்கள். எல்லோரும் எல்லோரையும் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள். கூட்டத்தில் நின்ற சொந்தக்காரி ஃபிளோரா மதினி என் கையைப் பிடித்து இழுக்க, பாடிக்கொண்டே சப்பரத்தின் பின்னால் நடந்தேன். எனக்கு அவ்வளவு சந்தோஷம். பொய் போயிற்று, மாமனார் சிரிப்பு போகவில்லை, படகு கவிழவில்லை. இதற்குமேல் மாதாவிடம் என்ன கேட்க?

கோயில் படியில் கால் வைத்தபோது பக்கத்தில் யாரோ, "கமாண்டர எங்க காணோம்?" என்றார்கள்.

திரும்பி ஓடினேன். செருப்பு மணலில் எங்கேயோ போயிற்று.

துறையில் ஒரு ஈ காக்காய் இல்லை. கெவின்கூடச் சப்பரம் தூக்கப் போய்விட்டான். படகு கயிற்றில் ஆடிக்கொண்டிருந்தது. ஓட்டுகிற அறைக்குள், அந்த ஓட்டையின் விளிம்பில், எண்பத்து நான்கு வயது மனிதர் காலைத் தொங்கவிட்டுத் தரையில் உட்கார்ந்திருந்தார். கீழே ஸ்பானர் சத்தம். ஜெர்வின் அப்படித்தான்; கப்பல் நின்றபிறகும் ஒவ்வொரு வால்வாக மூடி, இன்ஜின் சூடு ஆறும்வரை பக்கத்தில் இருந்து, துடைத்து வைத்துவிட்டுத்தான் வருவார். இருபத்தேழு வருடம் அவரோடு குடித்தனம் நடத்திய எனக்கு அது நன்றாகத் தெரியும்.

"நீங்க போகலியா மாமா?" என்றேன். மூச்சு வாங்கியது.

"கீழ ஆள் இருக்காம்லா."

அவர் பைய என்னைத் திரும்பிப் பார்த்தார். கோபமில்லை, குத்தலும் இல்லை.

"ஆரும் மறக்கலன்னு சொன்னான், நானும் சரின்னு கேட்டுக்கிட்டேன். ஒங்க வீட்டுக்கு வாரப்பல்லாம் பாக்கேன், குளிக்கப் போனா கதவத் தாள் போட மாட்டேங்கான். அது எதுக்குன்னு நான் கேக்கல. நீ பொண்டாட்டி, அவன்மேல உசிர வச்சிருக்கவ. நீயே மறந்துட்டுப் பாடிக்கிட்டுப் போயிட்டியே, மக்களே. அங்கன கப்பல்ல அவனக் கூப்பிட யாரு இருந்தா?"

நான் அங்கேயே உட்கார்ந்து அழுதேன். அவர் என்னைத் தேற்றவில்லை. ஓட்டைக்குள் குனிந்து, வாய்க்கு இரண்டு பக்கமும் கையை வைத்துக்கொண்டு, பாய்மரத் தோணிக் காலத்துக் குரலில் கூப்பிட்டார்.

"ஏலே ஜெர்வின்! எல்லாரும் போயாச்சு. மேல வாலே."

"இந்தா வாரேம்பா" என்று பதில் வந்தது. முதலில் எண்ணெய்க் கை தெரிந்தது, பிறகு தலை. மாமனார் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டார். ஜெர்வின் முழுதாக மேலே வந்து பக்கத்தில் உட்காரும்வரை விடவில்லை.